முட்டைப் பந்தும் முன்வீச்சும்: வாசகர் கேள்வி பதில்

அமெரிக்கக் கால்பந்தில் பந்தை முன்னால் எறிந்து ஆடும் முறையை முதன்முதலில் ஒழுங்காகக் கையாண்ட அணி எது என்று சென்ற இதழில் ஒரு வாசகர் கேட்டிருந்தார். 'செயின்ட் லூயிஸ் பல்கலைக்கழகம், 1906' என்று ஒரே வரியில் பதில் போட்டோம். அந்த ஒரு வரிக்கு இத்தனை கடிதம் வரும் என்று நினைக்கவில்லை. ஆகவே இந்த இதழில் பக்கம் முழுக்க அந்த அணிக்கும் அந்த ஆண்டுக்கும்தான்.

கையால் தூக்கிக்கொண்டு ஓடுகிறார்கள், கையால் எறிகிறார்கள். இதற்குப் போய் கால்பந்து என்று பெயரா?
(வாசகர், ராஜபாளையம்)

ரக்பியின் முழுப்பெயரும் ரக்பி ஃபுட்பால்தான். 19ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்துப் பள்ளிகள் ஒவ்வொன்றும் தனக்கென்று ஒரு சட்டம் வைத்துக்கொண்டு ஆடிய பந்தாட்டம் எல்லாவற்றுக்கும் அதுவே பொதுப்பெயர். பந்தைக் கையில் எடுத்து ஓடலாம் என்ற கிளை அமெரிக்கக் கல்லூரிகளுக்குப் போனது. 1880களில் யேல் பல்கலைக்கழகத்தின் வால்ட்டர் கேம்ப் கைவைத்துத் திருத்தியதில் தனி ஆட்டமானது. தவிர, 1906இல் காலுக்கும் வேலை நிறையவே இருந்தது. ஓடிப் பார்த்துத் தேறாது என்று தெரிந்தால் உதைத்து எதிரணியின் எல்லைக்குள் தள்ளிவிடுவதுதான் புத்திசாலித்தனம் என்று எண்ணினார்கள்.

1906க்கு முன் பந்தை முன்னால் எறியவே கூடாதா? திடீரென்று ஏன் அனுமதித்தார்கள்?
(கல்லூரி மாணவி, கோவை)

கூடாது. ரக்பியில் இன்றும் கூடாது. பந்து பக்கவாட்டிலோ பின்னாலோதான் கைமாறலாம்.

அனுமதித்ததற்குக் காரணம் சாவு. அப்போதைய சட்டப்படி மூன்று முயற்சிகளில் 5 கஜம் முன்னேறினால் போதும். பந்து உங்களிடமே இருக்கும். ஒரு முயற்சிக்கு 'டவுன்' என்று பெயர். 5 கஜத்தை மூன்றாகப் பங்குபோட்டால் டவுனுக்கு இரண்டு கஜம்கூட வேண்டாம். அவ்வளவுக்கு ஓட்டக்காரன் எதற்கு? பந்து வைத்திருப்பவனைச் சுற்றிலும் ஆட்கள் கூடி, பின்னாலிருந்து தள்ளி, எதிரணிச் சுவரில் ஒரே இடத்தில் போய் முட்டுவார்கள். விழுந்தவன் மேல் பத்துப் பேர் விழுவார்கள். அன்றைய சிகாகோ டிரிபியூன் கணக்குப்படி 1905 பருவத்தில் இறந்தவர்கள் 18 பேர்.

அந்த அக்டோபர் 9ஆம் தேதி குடியரசுத் தலைவர் தியடோர் ரூஸ்வெல்ட் ஹார்வர்டு, யேல், பிரின்ஸ்டன் ஆட்களை வெள்ளை மாளிகைக்கே அழைத்துப் பேசினார். பெரிய பலன் இல்லை. நவம்பர் 25இல் நியூயார்க் பல்கலைக்கழகத்தோடு ஆடிய யூனியன் கல்லூரி வீரர் ஒருவர் ஆட்டத்தில் பட்ட அடியால் இறந்தார். அதன்பின் நியூயார்க் பல்கலைக்கழகத்தின் வேந்தர் மெக்ராக்கன் கூட்டம் கூட்ட, டிசம்பர் 28இல் 62 கல்லூரிகள் வந்தன. அமெரிக்கக் கல்லூரி விளையாட்டுகளை நடத்தும், இன்று என்.சி.ஏ.ஏ. என்று அழைக்கப்படும் அமைப்பு அந்தக் கூட்டத்தில் பிறந்ததுதான். அந்தப் பெயர் 1910இல் வந்தது. கொலம்பியா பல்கலைக்கழகம் ஆட்டத்தையே நிறுத்தியது. மேற்குக் கரையில் ஸ்டான்ஃபோர்டும் கலிஃபோர்னியாவும் ரக்பிக்கு மாறின.

நெரிசலைப் பிரிக்க மைதானத்தை அகலமாக்கலாம் என்றும் ஒரு யோசனை வந்தது. ஆனால் ஹார்வர்டு 1903இல்தான் கான்கிரீட்டில் ஒரு விளையாட்டரங்கம் கட்டியிருந்தது. அதை இடித்தால்தான் அகலப்படுத்த முடியும். மைதானத்தை அகலமாக்க வழியில்லாதபோது ஆட்களைப் பரவி நிற்க வைக்க மிச்சமிருந்த வழி, பந்து தூரமாகவும் போகலாம் என்ற பயத்தைத் தடுப்பணிக்கு ஏற்படுத்துவதுதான்.

1906 விதி சரியாக என்ன சொன்னது? இன்றைய விதியோடு ஒப்பிட்டுச் சொல்லுங்கள்.
(வாசகர், திருச்சி)

முதலில் பொதுவான மாற்றம்: மூன்று டவுனில் 5 கஜம் என்பது 10 கஜம் ஆனது. ஆட்டநேரம் இரண்டு பாதியாக, பாதிக்கு 30 நிமிடம். இரு அணியும் நேருக்கு நேர் மூச்சுபடும்படி நிற்காமல் நடுவே பந்தின் நீளத்துக்கு இடைவெளி. மைதானம் அப்போது 110 கஜம்.

முன்வீச்சுக்கு வைத்த கட்டுப்பாடுகள்தான் விசேஷம். படித்தால், அனுமதி கொடுத்தார்களா, பயமுறுத்தினார்களா என்றே சந்தேகம் வரும்.

ஒரு டவுனுக்கு ஒரே வீச்சு. எறிபவர் ஆட்டக்கோட்டுக்கு (டவுன் தொடங்கும்போது பந்து இருக்கும் இடத்தின் குறுக்குக் கோடு) பின்னால் நின்றுதான் எறிய வேண்டும். பிடிக்கத் தகுதி உள்ளவர்கள் வரிசையின் இரு கோடியில் நிற்கும் 'எண்டு'களும் வரிசைக்குப் பின்னால் நிற்பவர்களும் மட்டும். இவ்வளவும் இன்றைக்கும் ஏறக்குறைய அப்படியே.

இன்று இல்லாதது இரண்டு. ஒன்று, பந்து ஆட்டத்துக்கு வந்த இடத்திலிருந்து வலப்பக்கமோ இடப்பக்கமோ குறைந்தது 5 கஜம் தள்ளித்தான் வீச்சு கோட்டைக் கடக்க வேண்டும். நேர் எதிரே எறிந்தால் செல்லாது. நடுவர் இதை எப்படிக் கண்ணால் அளப்பார்? அதற்காக மைதானம் முழுவதும் குறுக்குக் கோடுகளோடு நெடுக்குக் கோடுகளும் 5 கஜத்துக்கு ஒன்றாகச் சுண்ணாம்பில் போட்டார்கள். அந்தக் காலப் படங்களில் மைதானம் பாய் பின்னியதுபோலக் கட்டம் கட்டமாகத் தெரிவது அதனால்தான். இந்த 5 கஜ விதி 1910இல் போனதும் நெடுக்குக் கோடுகளும் போயின.

இரண்டாவதுதான் உயிர்நாடி. வீச்சு யார் கையிலும் படாமல் தரையில் விழுந்தால், எறிந்த இடத்திலேயே பந்து எதிரணிக்கு. முதல் டவுன், இரண்டாம் டவுன் என்ற சலுகையெல்லாம் கிடையாது. இன்று தவறிய வீச்சுக்கு ஒரு டவுன் வீண், அவ்வளவே.

இதற்கு மேல், பிடிக்க ஓடுபவரைப் பந்து வருமுன்பே தடுப்பாளர் இடித்துச் சாய்க்கலாம். அவருக்கென்று சட்டப் பாதுகாப்பு பின்னால்தான் வந்தது.

அப்படியானால் பெரிய கல்லூரிகள் அதைத் தொடாமல் இருந்தது கோழைத்தனமா, கணக்கா?
(வாசகர், நாகர்கோவில்)

கணக்கு. தப்புக் கணக்கு என்று சொல்லலாம், ஆனால் கணக்குதான்.

உங்கள் சொந்த எல்லையிலிருந்து 40 கஜத்தில் நிற்கிறீர்கள், மூன்றாவது டவுன், இன்னும் 7 கஜம் வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். உதைத்தால் பந்து எதிரணியின் பாதிக்குப் போய்விடும்; அவர்கள் அங்கிருந்து தொடங்க வேண்டும். எறிந்து தவறினால் நீங்கள் நின்ற இடத்திலேயே அவர்களுக்குப் பந்து. ஒரு தவறுக்கு முப்பது, நாற்பது கஜம் அபராதம் கட்டினதற்குச் சமம். இரண்டில் ஒன்று பிடிபடும் என்றாலும் கைச்சேதம்தான். அன்றைக்கு எறிந்த விதத்தில் அதுவும் பிடிபடவில்லை.

எப்படி எறிந்தார்கள்? இரண்டு கையாலும் நெஞ்சிலிருந்து தள்ளினார்கள். உள்ளங்கையில் படுக்கவைத்து வட்டெறிவதுபோலச் சுற்றி விட்டார்கள். பந்து குட்டிக்கரணம் அடித்துக்கொண்டு போனது. பிடிப்பவர் ஓரிடத்தில் போய் நிற்பார், நாலு பேர் அவரைச் சுற்றிக் காவல் நிற்பார்கள், பந்து வானத்திலிருந்து இறங்கும்வரை எல்லோரும் அண்ணாந்து பார்த்துக்கொண்டிருப்பார்கள். தடுப்பணிக்கு இதைவிட என்ன வேண்டும்?

இன்னொன்றையும் சேர்த்துக்கொள்ளுங்கள். மிச்சிகன் பல்கலைக்கழகத் தலைவர் ஏஞ்சல் 1906 ஜனவரியில் கூட்டிய கூட்டத்தின் விளைவாக, மத்திய மேற்குப் பெரிய கல்லூரிகளின் கூட்டமைப்பு பருவத்துக்கு ஐந்தே ஆட்டம் என்று கட்டுப்படுத்திவிட்டது. ஐந்தில் ஒன்றைப் புது வித்தைக்குப் பலிகொடுக்க எந்தப் பயிற்சியாளருக்கு மனசு வரும்? அந்தக் கூட்டமைப்பில் சேராத செயின்ட் லூயிஸ் அந்தப் பருவத்தில் ஆடியது 11 ஆட்டம்.

செயின்ட் லூயிஸ் மட்டும் எப்படித் துணிந்தது? அந்தப் பருவத்தை ஆட்டவாரியாகச் சொல்ல முடியுமா?
(வாசகர், மதுரை)

பதினொன்றையும் வரிசையாகச் சொல்லிப் பயனில்லை. பாதி ஆட்டங்கள் ஒருபக்கச் சாத்து. முக்கியமான மூன்றைச் சொல்கிறோம்.

முதலில் ஆட்கள். மிசூரி மாநிலத்தின் செயின்ட் லூயிஸ் நகரில் 1818இல் தொடங்கிய கல்லூரி அது. நம்மூர் லயோலாவையும் திருச்சி ஜோசப் கல்லூரியையும் நடத்துகிற அதே இயேசு சபையினருடையது. 1906இல் அங்கே பயிற்சியாளராக வந்தவர் எடி கோக்கம்ஸ், விஸ்கான்சின்காரர், அந்த மாநிலப் பல்கலைக்கழகத்தின் பழைய ஆட்டக்காரர். வடக்கு டகோட்டாவிலும் கிளெம்சனிலும் பயிற்றுவித்துவிட்டு வந்தார். எறிபவர் பிராட்பரி ராபின்சன். அவரும் விஸ்கான்சினில் ஆடியவர். செயின்ட் லூயிஸில் மருத்துவம் படிக்க வந்தவர். பிடித்தவர்களில் பெயர் நிலைத்தது ஜாக் ஷ்னைடருக்கு.

கோக்கம்ஸ் செய்த முக்கியமான காரியம் ஆட்டத்துக்கு முன்பே நடந்தது. கோடை விடுமுறையில் அணியை ஊரைவிட்டுக் கிளப்பி, தெற்கு விஸ்கான்சினில் பியூலா ஏரிக்கரைக்குக் கொண்டுபோனார். அங்கே வேலை ஒன்றே ஒன்று: முன்வீச்சு. விதி வந்து சில மாதங்களே ஆகியிருந்தன. மற்ற அணிகள் பழைய ஆட்டத்துக்குப் பயிற்சி எடுத்து, நேரம் மிஞ்சினால் எறிந்து பார்த்துக்கொண்டிருந்தபோது, இவர்கள் எறிவதை முதற்பாடமாக வைத்தார்கள். நம் கணிப்பில் அந்தப் பருவத்தின் எல்லா வெற்றிக்கும் வேர் அந்த ஏரிக்கரைதான். திறமைசாலிகள் எல்லாக் கல்லூரியிலும் இருந்தார்கள்.

செப்டம்பர் 5. மில்வாக்கி அருகே வாக்கிஷாவில் கேரல் கல்லூரியோடு ஆட்டம். தரைவழி ஓட்டம் பலிக்காமல் நின்றபோது கோக்கம்ஸ் வீச்சுக்குச் சைகை கொடுத்தார். ராபின்சன் எறிந்தார். யார் கையிலும் படாமல் தரையில் விழுந்தது. விதிப்படி பந்து கேரலுக்கு. சட்டபூர்வமான முதல் முன்வீச்சு என்று வரலாற்றில் எழுதப்படுவது இந்தத் தவறிய வீச்சுதான்! வேறு பயிற்சியாளராக இருந்தால் அன்றோடு மூட்டை கட்டியிருப்பார். கோக்கம்ஸ் அதே ஆட்டத்தில் மறுபடி எறியச் சொன்னார். 20 கஜம் பறந்து ஷ்னைடர் கையில் விழுந்தது, டச் டவுன் (பந்தோடு எதிரணியின் எல்லைக்கோட்டைத் தாண்டுவது). முடிவு 22–0.

நவம்பர் 3இல் கான்சஸ் பல்கலைக்கழகம்: 34–2. சின்னக் கல்லூரிகளை அடித்துப் பெருமை பேசுகிறார்கள் என்ற பேச்சு இதோடு அடங்கியிருக்க வேண்டும்.

நவம்பர் 29, நன்றி நவிலும் நாள், எதிரணி அயோவா: 39–0. பத்து வீச்சில் எட்டு பிடிபட்டன, சராசரி 20 கஜம், அவற்றில் நான்கு டச் டவுன். தவறினால் பந்தே போய்விடும் என்ற விதியின்கீழ் பத்துக்கு எட்டு என்பதை நினைத்துப் பாருங்கள். இன்றைய தொழில்முறை எறியாளர்கள் இவ்வளவு சலுகைகளோடு பத்துக்கு ஆறு, ஏழு என்றுதான் ஓட்டுகிறார்கள். அந்த ஆட்டத்தில் நடுவராக இருந்தவர் வெஸ்ட் பாயின்ட் ராணுவக் கல்லூரியைச் சேர்ந்த ஹாக்கெட் என்ற அதிகாரி. யேல், ஹார்வர்டு ஆடியதைவிட இவர்கள் புது விதிகளைச் சிறப்பாகப் பயன்படுத்தினார்கள் என்பது அவருடைய கருத்து.

எங்கள் பள்ளியில் ரக்பி பந்து இருக்கிறது. அதை வைத்து மாணவர்களுக்கு, பந்து நீளவாக்கில் சுழன்றபடி போகும் சுழல் வீச்சைச் சொல்லித்தர முடியுமா? நான் முயன்றேன், பந்து தள்ளாடுகிறது.
(உடற்கல்வி ஆசிரியர், பாளையங்கோட்டை)

முடியும். சொல்லப்போனால், ரக்பி பந்தை வைத்துக்கொண்டு நீங்கள் 1906க்கு மிக அருகில் நிற்கிறீர்கள். பந்தின் அளவை விதியில் எழுதியது 1912இல்: நடுவில் சுற்றளவு 22.5 முதல் 23 அங்குலம், அதாவது 57 முதல் 58.4 செ.மீ. 5ஆம் எண் ரக்பி பந்தின் இடைச்சுற்று 58 முதல் 62 செ.மீ. இன்றைய அமெரிக்கப் பந்தோ 1934இல் ஒல்லியாக்கப்பட்டது: 21.25 முதல் 21.5 அங்குலம், சுமார் 54 செ.மீ. குறுக்களவில் பார்த்தால் ஒரு சென்டிமீட்டர் வித்தியாசம்தான். ஆனால் கைக்குள் அடங்குவதா, அடங்காததா என்பது அந்த ஒரு சென்டிமீட்டரில் இருக்கிறது. பையன்கள் சின்னவர்கள் என்றால் 4ஆம் எண் வாங்குங்கள்.

கோக்கம்ஸ் கண்டுகொண்டது இதுதான்: வழுவழுப்பான தோல்பந்தில் விரல் பிடிமானத்துக்கு இருக்கிற ஒரே இடம் லேஸ். பழைய வாலிபாலில் பிளாடரை உள்ளே திணித்து வாயை லேஸ் போட்டுக் கட்டுவார்களே, அதே லேஸ். பந்தின் நடுவைப் பிடிக்காதே, முனைக்குப் பக்கத்தில் உள்ள கடைசி இரண்டு லேஸுக்கு இடையில் விரலைக் கொடு, அங்கேதான் பந்து ஒல்லி. மணிக்கட்டைத் திருகி நீள அச்சில் சுழலும்படி எறி என்றார். ராபின்சன் போய்ப் பழகிவிட்டு வந்து, 40 கஜம் எறிய முடிகிறது என்று துள்ளினாராம்.

உங்கள் பந்தில் லேஸ் இருக்காது. மருந்துக்கடையில் கிடைக்கும் துணி பிளாஸ்டரை வாங்கி, தையல் ஒன்றுக்குக் குறுக்கே 4 செ.மீ. நீளத் துண்டுகளாக, 2 செ.மீ. இடைவெளியில் நான்கு இடத்தில், மூன்று மடிப்பு கனம் வரும்படி ஒட்டுங்கள். நடுவிலிருந்து ஒரு முனையை நோக்கி ஒட்ட வேண்டும், நட்டநடுவில் அல்ல. காற்றைக் கொஞ்சம் குறைத்துக்கொள்ளுங்கள். கட்டைவிரலால் அழுத்தினால் சற்றே உள்ளே போகிற பதம்.

மோதிர விரலும் சுண்டு விரலும் பிளாஸ்டர் மேட்டின்மேல். ஆள்காட்டி விரல் பின்முனையை ஒட்டி. கட்டைவிரல் அடியில். உள்ளங்கைக்கும் பந்துக்கும் நடுவே ஒரு விரல் நுழைகிற இடைவெளி இருக்க வேண்டும். தள்ளாட்டத்துக்கு முதல் காரணம் இந்த இடைவெளி இல்லாததுதான். உள்ளங்கை பட்டால் பந்தைத் தள்ளுகிறீர்கள், சுழற்றவில்லை.

வலக்கைக்காரர் என்றால் இடத்தோள் இலக்கை நோக்கி. முழங்கை தோள் உயரத்துக்குக் கீழே இறங்கக்கூடாது. பந்து காதை ஒட்டி முன்னே வரட்டும். விடும்போது விரல்கள் பந்தின் பக்கவாட்டில் வழுக்கி இறங்க, கடைசியாக விலகுவது ஆள்காட்டி விரல். எறிந்து முடித்த கையைப் பாருங்கள்: கட்டைவிரல் தரையைப் பார்த்து, உள்ளங்கை வெளிப்பக்கம் திரும்பியிருந்தால் சரி. கட்டைவிரல் வானத்தைப் பார்த்தால் சுழற்சியே கொடுக்கவில்லை என்று பொருள். வலக்கை வீச்சு பின்னாலிருந்து பார்த்தால் கடிகாரச் சுற்றில் சுழல வேண்டும்.

ஒற்றை முழங்காலில் உட்காரவைத்து 5 மீட்டரில் தொடங்குங்கள். காலும் இடுப்பும் உதவிக்கு வராது என்பதால் மணிக்கட்டின் குற்றம் அப்பட்டமாகத் தெரியும். பத்துக்கு எட்டு ஆடாமல் போன பிறகு எழுந்து நின்று 10 மீட்டர், பிறகு ஓரடி எடுத்துவைத்து 15. அவசரப்பட்டு 30 மீட்டருக்குப் போனால் பையன் தோளால் வீசத் தொடங்குவான், கற்றது போய்விடும். ஒரு வேளைக்கு முப்பது நாற்பது வீச்சுக்கு மேல் வேண்டாம்; தோள்மூட்டு வலி வந்தால் ஒரு வாரம் ஓய்வு.

இன்னும் சில குறைகள். மூக்கு மேலே தூக்கிக்கொண்டு போய்ப் பாதியில் விழுந்தால் கையைச் சீக்கிரம் விட்டுவிட்டார், அல்லது விரல்கள் பந்துக்கு அடியில் போய்விட்டன. மூக்கு தரையில் குத்தினால் விட்டது தாமதம். நன்றாகச் சுழன்றும் பக்கவாட்டில் போகிறதா? காலைப் பாருங்கள், கை மேல் தப்பில்லை. முன்கால் இலக்கை நோக்கி வைக்கப்படவில்லை.

சுழற்சிக்கு ஏன் இத்தனை முக்கியத்துவம் என்று மாணவர்கள் கேட்பார்கள். பம்பரத்தைக் காட்டுங்கள். சுற்றும்வரை நிற்கும், சுற்றாவிட்டால் சாயும். நீள அச்சில் சுழலும் பந்தின் கூர்முனை காற்றைக் கிழித்துக்கொண்டு அதே திசையில் நிற்கும். குட்டிக்கரணம் அடிக்கும் பந்து ஒரு கணம் முனையையும் மறுகணம் வயிற்றையும் காற்றுக்குக் காட்டுவதால் வேகமும் போகும், எங்கே விழும் என்ற கணிப்பும் போகும்.

பிடிப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. நெஞ்சுக்கு மேலே வந்தால் இரு கட்டைவிரலும் சேரட்டும், கீழே வந்தால் இரு சுண்டுவிரலும் சேரட்டும். கையில் பிடித்த பிறகுதான் வயிற்றோடு அணைக்க வேண்டும். விரல்நுனியை நீட்டிக்கொண்டு நேராக மூக்கை வாங்கினால் விரல் மடங்கும். அது கிரிக்கெட் பந்து தந்த வலிக்குக் குறையாது.

407–11 என்று மொத்தக் கணக்கு படித்தேன். உண்மையா? அன்று புள்ளிமுறை எப்படி?
(வாசகர், சேலம்)

உண்மை. 11 ஆட்டத்திலும் வெற்றி, அடித்தது 407, கொடுத்தது 11. ஆட்டத்துக்கு 37 வீதம். அந்தப் பருவத்தில் நாட்டிலேயே அதிகம்.

டச் டவுனுக்கு அன்று 5 புள்ளிதான், 6 ஆனது 1912இல். டச் டவுனுக்குப்பின் உதைக்கும் கோலுக்கு 1, களத்திலிருந்து உதைத்து அடிக்கும் கோலுக்கு 4, சேஃப்டிக்கு 2. இது தெரிந்தால் பழைய ஸ்கோரிலிருந்தே கொஞ்சம் கதை படிக்கலாம். கான்சஸ் எடுத்த 2 எப்படி வந்திருக்கும்? வேறு வழியே இல்லை: செயின்ட் லூயிஸ்காரர் ஒருவர் பந்தோடு தன் சொந்த எல்லைக்கோட்டுக்குப் பின்னால் அகப்பட்டிருக்கிறார்.

தலையில் ஹெல்மெட் போட்டார்களா?
(எட்டாம் வகுப்பு மாணவர், காரைக்குடி)

விருப்பப்பட்டவர்கள் தோல் தொப்பி போட்டார்கள். கல்லூரி ஆட்டத்தில் கட்டாயமானது 1939இல்.

முன்வீச்சை உலகுக்குக் காட்டியவர்கள் நோட்டர் டேம் அணியினர், 1913 என்றுதான் நாங்கள் படித்திருக்கிறோம். நீங்கள் சொல்வது புதிதாக இருக்கிறதே?
(ஓய்வுபெற்ற வங்கி அலுவலர், புதுக்கோட்டை)

'உலகுக்கு' என்ற சொல்லுக்கு 'நியூயார்க் பத்திரிகைகளுக்கு' என்று பொருள் கொண்டால் நீங்கள் படித்ததும் சரியே.

1913 நவம்பர் 1ஆம் தேதி இந்தியானா மாநிலத்து நோட்டர் டேம், வெஸ்ட் பாயின்ட் ராணுவக் கல்லூரிக்கே போய் 35–13 என்று அடித்தது. கஸ் டோரே எறிந்த 17இல் 14 பிடிபட்டன, 243 கஜம். பிடித்தவர்களில் ஒருவர் நூட் ராக்னி. பின்னாளில் அதே கல்லூரியின் பயிற்சியாளராகி நாடறிந்த பெயரானார். இருவரும் அந்தக் கோடையில் ஒஹையோவின் சீடார் பாயின்ட் கடற்கரை போன்ற ஏரிக்கரையில் வேலை பார்த்துக்கொண்டே எறிந்து பிடித்துப் பழகினார்கள். இதிலும் ஏரிக்கரை வருவதைக் கவனித்தீர்களா?

ஆனால் அவர்கள் ஆடியது வேறு விதியின்கீழ். 1907இலேயே தவறிய வீச்சுக்குத் தண்டனை குறைந்தது: முதல் இரண்டு டவுனில் 15 கஜம் அபராதம், மூன்றாவதில்தான் பந்து பறிபோகும். 1910இல் பக்கவாட்டு 5 கஜக் கட்டு போனது; பதிலுக்கு 20 கஜத்துக்கு மேல் எறியக்கூடாது என்று ஒரு விலங்கு போட்டார்கள். 1912இல் அந்த விலங்கும் கழன்றது, டவுனும் நான்கானது. ஏழு ஆண்டில் எறிபவரின் கையில் இருந்த கட்டு ஒவ்வொன்றாக அவிழ்ந்திருந்தது. ஓடிக்கொண்டே கையால் பிடிக்கும் பாணியை நோட்டர் டேம் மெருகேற்றியது என்பதை மறுக்கவில்லை.

செயின்ட் லூயிஸ் மறக்கப்பட்டதற்குப் பெரிய மர்மம் ஒன்றும் இல்லை. அன்று ஆட்டத்தைப் பற்றி எழுதியவர்களும் விதி வகுத்தவர்களும் கிழக்குக் கரையில் இருந்தார்கள். மிசிசிப்பி ஆற்றங்கரையில் நடந்ததை அவர்கள் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. கோக்கம்ஸ் ஒன்றும் ஒளித்துவைக்கவில்லை. 1907இல் வால்ட்டர் கேம்ப் தொகுத்த ஸ்பால்டிங் கையேட்டிலேயே முன்வீச்சைப் பற்றி விரிவாக எழுதினார். படித்தவர்கள் படித்தார்கள்.

'முதல்' என்ற சொல்லில் இன்னும் இரண்டு வில்லங்கம் உண்டு, நீங்கள் எழுதுமுன் நாங்களே சொல்லிவிடுகிறோம். 1895 அக்டோபர் 26இல் அட்லாண்டாவில் ஜார்ஜியாவோடு ஆடிய வடக்கு கரோலினா அணி உதைக்க இடமில்லாமல் பந்தை முன்னால் எறிந்து டச் டவுன் எடுத்தது. நடுவர் பார்க்கவில்லை, செல்லும் என்றுவிட்டார். பார்த்துக்கொண்டிருந்த ஜான் ஹைஸ்மன் என்ற பயிற்சியாளர் அன்றிலிருந்து இதைச் சட்டமாக்கச் சொல்லி மன்றாடினார். அடுத்து, 1905 கிறிஸ்துமஸ் அன்று விச்சிட்டாவில் வாஷ்பர்ன், ஃபேர்மவுன்ட் கல்லூரிகள் வரவிருந்த விதிகளைச் சோதித்துப் பார்க்க ஓர் ஆட்டம் ஆடின. வீச்சும் இருந்தது, முடிவு 0–0. முதலாவது சட்டவிரோதம், இரண்டாவது ஒத்திகை. ஆகவே எங்கள் ஒரு வரிப் பதிலை மாற்றவில்லை.

ராபின்சன் பிறகு என்ன ஆனார்? அந்தக் கல்லூரி அணி இன்றும் ஆடுகிறதா?
(வாசகி, தஞ்சாவூர்)

படித்த படிப்பை வீணாக்கவில்லை, மருத்துவரானார். மிச்சிகன் மாநிலத்தில் குடியேறினார். வேடிக்கை என்னவென்றால் அந்த ஊருக்கும் பெயர் செயின்ட் லூயிஸ்தான். அங்கே இருமுறை மேயராக இருந்தார். டிடிடி பூச்சிமருந்தை எல்லோரும் கொண்டாடிய 1940களிலேயே அதன் ஆபத்தைப் பற்றி எச்சரித்த மருத்துவர்களில் அவரும் ஒருவர். 1949இல் காலமானார்.

பல்கலைக்கழகமும் அதே 1949 பருவத்தோடு அமெரிக்கக் கால்பந்தை நிறுத்திவிட்டது, இன்றுவரை அணி இல்லை. அங்கே இப்போது ராஜபாளையம் வாசகர் ஒப்புக்கொள்ளக்கூடிய, காலால் ஆடும் கால்பந்துதான். அதில் தேசியக் கல்லூரிப் பட்டத்தை 1959க்கும் 1973க்கும் இடையில் 10 முறை வென்றிருக்கிறார்கள்.